எட்மண்டன் அண்ட் அட்லாண்டிக் பரோட்டா கம்பெனி

உலக வரலாற்றில் மனித குலம் உச்சத்தைத் தொட்ட காலம் எது என்று பேராசிரியர்கள் இன்னமும் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்கள். பாவம், வட லண்டனில் எட்மண்டனில் ஒரு பரோட்டாத் தொழிற்சாலை இருப்பது அவர்களுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் சண்டையை அன்றைக்கே விட்டுவிட்டு, தலைக்கு வலைத்தொப்பி மாட்டிக்கொண்டு உள்ளே வந்து பார்த்திருப்பார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசி முப்பது வருடங்களில் அமெரிக்காவில் தோன்றி மறைந்ததாகச் சொல்லப்படும் அந்த மாபெரும் தொழில்யுகம் மறையவே இல்லை. மைனஸ் பதினெட்டு டிகிரியில் உறைய வைக்கப்பட்டு, இங்கே பத்திரமாக இருக்கிறது.

இந்த அதிசயத்தை நிகழ்த்தியவர் திரு. கோபாலகிருஷ்ணன். கும்பகோணத்தில் பிறந்து, கம்ப்யூட்டர் வேலைக்கு லண்டன் வந்து, ஹரோவில் வீடு வாங்கி, மனைவி ஃப்ரீஸரில் மறந்துபோன பரோட்டா இரண்டு மாதம் கழித்தும் அப்படியே இருந்ததைக் கண்டு தொழிலதிபர் ஆனவர். போன வருடம் அவர் இணையத்தில் ஒரு பயிற்சியில் சேர்ந்தார். 'அமெரிக்கத் தொழில்யுகத்தின் மாமனிதர்கள்: பன்னிரண்டு வாரங்களில்' என்பது அதன் பெயர். ரயில், எஃகு, எண்ணெய், மாளிகை, நூலகம் என்று ஏழு வாரம் கண் கலங்கக் கேட்டார். எட்டாவது வாரத்தின் தலைப்பு 'வேலைநிறுத்தங்கள்'. அது தன் தொழிலுக்குப் பொருந்தாது என்று அத்தோடு நிறுத்திக்கொண்டார்.

ஏழு வாரமே தாராளமாகப் போதுமானதாக இருந்தது. ஊர்க் கோவில் சுவாமியின் பெயரில் இருந்த நிறுவனம் 'எட்மண்டன் அண்ட் அட்லாண்டிக் பரோட்டா கம்பெனி' ஆயிற்று. எட்மண்டனுக்கும் அட்லாண்டிக்குக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டவர்களிடம், அந்தக் காலத்து ரயில் கம்பெனிகளில் பலவும் கடைசிவரை போய்ச் சேராத கடல்களின் பெயரைத்தான் வைத்துக்கொண்டன என்று ஆதாரத்தோடு பதில் சொன்னார். ஹரோ வீட்டு முகப்பில் நான்கு பளிங்குத் தூண்கள் எழும்பின. அது ஒரு சுவரைப் பகிர்ந்துகொள்ளும் இரட்டை வீடு. ஆகவே தூண்கள் அவருடைய பாதியில் மட்டும் நின்றன. மறுபாதிக்காரர் தன் வாசலில் பழையபடி குப்பைத் தொட்டியையே வைத்திருந்தார்.

தொழிலாளர்களையும் அவர் மறக்கவில்லை. சாப்பாட்டு அறையின் நாற்காலிகளை அகற்றிவிட்டு அங்கே 'தொழிலாளர் நூலகம்' திறந்தார். அது காலை எட்டிலிருந்து மாலை ஆறு வரை திறந்திருக்கும். வேலை நேரமும் அதுவே என்பதால் புத்தகங்கள் கசங்காமல் புத்தம் புதிதாக இருக்கின்றன. தொழிற்சாலைக்குப் பின்னாலிருந்த பழைய கட்டடத்தை வாங்கி 'தொழிலாளர் குடியிருப்பு' என்று பெயரிட்டு, நம்பிக்கையான ஆறு குடும்பங்களுக்கு வாடகைக்கு விட்டார். அமெரிக்காவில் அந்தக் காலத்து முதலாளிகள் ஊர் ஊராகக் கட்டி வாடகைக்கு விட்டார்களாம். வேலை போனவனுக்கு வீடும் போகும். இரண்டையும் ஒரே கடிதத்தில் முடித்துவிடலாம் என்ற சிக்கனம் கோபாலகிருஷ்ணனை மிகவும் கவர்ந்தது.

அந்த ஆறு நம்பிக்கைகளில் முதலாவது அருள்நேசன். மன்னார் பேசாலைக்காரர், வயது ஐம்பத்தாறு, கம்பெனியின் சூப்பர்வைசர். போன வருடத்திலிருந்து 'தொழிலாளர் நலத்துறைத் தலைவர்' பதவியும் அவரிடம்தான். அந்தத் துறையில் அவரைத் தவிர வேறு யாரும் இல்லாததால் துறைக்குள் கருத்து வேறுபாடே வந்தது கிடையாது. 'ஏலாது', அதாவது முடியாது, என்ற சொல்லை அவர் வீட்டில் மனைவியிடம் மட்டும் சொல்லிப் பார்த்திருக்கிறார். அங்கேயும் எடுபடவில்லை.

ஆனால் அருள்நேசனுக்கு இன்னொரு வாழ்க்கை இருந்தது. எட்மண்டன் தமிழ்க் கத்தோலிக்கர்கள் தவக்காலத்தில் போடும், சிலுவை மரணத்தைச் சொல்லும் திருப்பாடுகளின் நாடகத்துக்குப் பதினான்கு வருடமாக அவர்தான் அண்ணாவியார், அதாவது இயக்குநர். அதில் ரோமாபுரி ஆளுநர் வேஷமும் அவருக்கே. எதிரே நிற்பவர் குற்றமற்றவர் என்று தெரிந்தும், கூட்டத்துக்குப் பயந்து அவரைச் சாவுக்கு ஒப்புக்கொடுத்துவிட்டு, வெண்கலச் சட்டியில் கையைக் கழுவிக்கொள்கிற ஆளுநர். அந்த இடத்தில் எட்மண்டன்காரருக்கென்று ஒரு வழக்கம் உண்டு. ஆளுநர் கையைத் துடைத்ததும் சபையில் இருக்கிற அத்தனை பேரும், குற்றமற்று நிற்பவரைப் பார்த்து முழங்காலில் நிற்பார்கள். அண்ணாவியார் 'எழும்புங்கோ' என்று சொல்லும்வரை ஒருவரும் அசைய மாட்டார்கள். ஒரு வருடம் மைக் பழுதாகிப் பதினொரு நிமிடம் நின்றிருக்கிறார்கள். மைக் திருத்துகிறவரும் முழங்காலில் நின்றதுதான் தாமதத்துக்குக் காரணம்.

கம்பெனியில் வேலை செய்கிற அறுபத்து மூன்று பேரும் அந்தச் சபைதான்.

ஆண்டு விழாவுக்குப் பத்து நாள் இருக்கும்போது கோபாலகிருஷ்ணன் அருள்நேசனைத் தன் அறைக்கு அழைத்தார்.

"அருள், உட்காருங்க. உங்களுக்கு ரெண்டு கௌரவம் வச்சிருக்கேன்."

"சொல்லுங்கோ சேர்."

"முதல்ல இது." ஒரு படிவத்தை நகர்த்தி வைத்தார். "நம்ம பியற்றிஸ் விஷயம். விபத்து அறிக்கை. சாட்சின்னு போட்டிருக்கிற இடத்துல ஒரு கையெழுத்து. ஆண்டு விழாவுக்கு சூப்பர்மார்க்கெட்காரங்க அனுப்புற ஆய்வாளர் அம்மா வராங்க. 'கண்ணியமான பணியிடம்' சான்றிதழ் குடுத்தாங்கன்னா நம்ம பரோட்டா நானூறு கடையில ஏறும். அன்னிக்கு சாயந்திரம் அவங்க ஃபைலைப் பாக்கும்போது இது உள்ளே இருக்கணும்."

அருள்நேசன் படிவத்தை வாசித்தார். 'பாதுகாப்பு மூடியைத் தொழிலாளியே தன்னிச்சையாகக் கழற்றினார்' என்று ஆங்கிலத்தில் அழகாக டைப் அடித்திருந்தது.

நடந்தது இதுதான். மாவை அழுத்தித் தட்டையாக்குகிற இயந்திரத்துக்குக் கோபாலகிருஷ்ணன் 'இரும்புக் குதிரை' என்று பெயர் வைத்திருந்தார். ரயில் எஞ்சினை அமெரிக்காவில் அப்படித்தான் அழைத்தார்களாம். அதன் வாயில் ஒரு மூடி இருந்தது. கை கிட்டப் போனால் குதிரை தானாக நின்றுவிடும். மணிக்கு முப்பது தரம் நின்றது. மூடி இருந்தால் குதிரை எப்படி ஓடும் என்று கோபாலகிருஷ்ணன் வருத்தப்பட்டார். வருத்தத்தை அருள்நேசன் கட்டளையாக எடுத்துக்கொண்டு, நான்கு திருகாணிகளையும் தன் கையாலேயே கழற்றினார். மூன்று வாரத்துக்கு முன் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, பியற்றிஸின் வலது ஆள்காட்டி விரலின் நுனி குதிரையோடு போய்விட்டது. அவருக்கு வயது முப்பத்தெட்டு, கணவன் இல்லை, பள்ளிக்கூடம் போகிற இரண்டு பிள்ளைகள்.

இந்தப் படிவத்தில் கையெழுத்து விழுந்தால், பாதுகாப்பு விதியை மீறியதற்காகப் பியற்றிஸுக்கு வேலை போகும். நஷ்டஈடு கேட்கவும் முடியாது. விழாவிட்டால் அருள்நேசனுக்கு அந்தச் சிக்கனமான ஒரே கடிதம் வரும்.

"சேர், மூடி... அது நான்தானே..."

"நீங்கதானே என்ன?"

"ஒண்டுமில்லை சேர்."

"அருள், ஒண்ணு சொல்றேன், மனசுல வச்சுக்கோங்க. அந்தக் காலத்துல அமெரிக்க ரயில்வேயில பெட்டியையும் பெட்டியையும் கையால கோக்கணும். வேலை கேட்டு வர்றவன் விரலைத்தான் முதல்ல பார்ப்பாங்களாம். ரெண்டு விரல் இல்லேன்னா அனுபவசாலி! உடனே வேலை! இதை நான் பியற்றிஸ்கிட்டயே சொன்னேன். உங்களுக்குக் கிடைச்சது காயம் இல்லம்மா, ஒரு சர்டிபிகேட்டுன்னு சொன்னேன்."

"அவ என்ன சொன்னவ சேர்?"

"ஒண்ணும் சொல்லல. ரொம்ப நெகிழ்ந்துட்டாங்க. அழுதாங்க." கோபாலகிருஷ்ணன் தன் கண்ணையும் துடைத்துக்கொண்டார். "சரி, ரெண்டாவது கௌரவம். விழாவுல ஒரு நாடகம். நானே எழுதிட்டேன். 'எஃகு இதயம்'. திரு. மார்ட்டிமர்னு ஒரு அமெரிக்கத் தொழிலதிபர், நூறு ரயில், பத்து நூலகம். அந்த வேஷம் நான் போடறேன். நீங்கதான் டைரக்டர்."

"எனக்குத் தெரிஞ்சது ஒரு நாடகம்தான் சேர். அதுவும் கோயில் நாடகம்."

"அதேதான் வேணும். அதுல நீங்க ஏதோ பண்ணுவீங்களாமே, ஹாலே முழங்கால் போடுமாமே? பேக்கிங்ல எல்லாரும் சொல்றாங்க. யாரு அந்த கேரக்டர்?"

"அவர்... ஒரு ஆளுநர் சேர்."

"கவர்னர்! பெரிய ஆளா?"

"பெரிய உத்தியோகம்தான் சேர். ரோமாபுரியில இருந்து அனுப்பினவை."

"என்ன பண்ணுவார்?"

"கை கழுவுவார்."

"எதுக்கு?"

"முன்னால ஒருத்தர் காயத்தோட நிப்பார் சேர். அதுக்கும் தனக்கும் சம்பந்தமில்லை எண்டு காட்டத்தான்."

"ஹைஜீன்!" என்று மேசையைத் தட்டினார் கோபாலகிருஷ்ணன். "உணவுத் தொழிலுக்கு இதைவிட என்ன வேணும்? அதை அப்படியே கிளைமாக்ஸ்ல வச்சுடறோம். காயத்தோட நிக்கிறதுக்கு நம்ம பியற்றிஸையே போடலாம். மேக்கப் வேண்டாம் பாருங்க. ஒரு தொழிலாளி அடிபட்ட கையோட வர்றா, மார்ட்டிமர் ஆறுதல் சொல்றார், கை கழுவறார், ஹாலே முழங்கால் போடுது. ஆய்வாளர் அம்மா அதைப் பாக்கணும்!"

இந்த இடத்தில் அருள்நேசன் உண்மையைச் சொல்லியிருக்கலாம். அந்த ஆளுநரை இரண்டாயிரம் வருடமாக உலகம் எப்படி நினைவு வைத்திருக்கிறது என்று ஒரு வார்த்தை விளக்கியிருக்கலாம். ஆனால் முதலாளி கேட்காத விளக்கத்தைக் கொடுப்பது நலத்துறையின் பழக்கம் அல்ல. "ஓம் சேர்" என்று சொல்லி, படிவத்தை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்தார்.

வெளியே பியற்றிஸ் வரவு பதிகிற இயந்திரத்தின் முன் நின்றுகொண்டிருந்தார். வலது ஆள்காட்டி விரலை வைத்தால் பெயர் வரும், பச்சை விளக்கு எரியும். இருபதாம் நூற்றாண்டின் அட்டை முறையைத் தாண்டிக் கம்பெனி எடுத்த ஒரே அடி அது. காயம் கொஞ்சம் ஆறி அவர் வேலைக்குத் திரும்பி இரண்டு வாரம் ஆகிறது. இயந்திரத்துக்கு அவரை அடையாளம் தெரியவில்லை.

"அருள் அண்ணை, இண்டைக்கும் சிவப்புத்தான் எரியுது. ஒப்பிஸில கேட்டா நான் ரெண்டு கிழமையா வேலைக்கு வரேல்லையாம். நான் வந்தனானோ, வரேல்லையோ?"

"வந்தனீர் பிள்ளை. நான் பாத்தனான்தானே."

"அப்ப அதை எழுதித் தாங்கோவன்."

"எழுத்தில... கொஞ்சம் பொறும்."

"மற்ற விரலை வைக்கலாமோ எண்டு கேட்டன். அந்த விரல் பதிவில இல்லையாம். பதிவில இருக்கிற விரல் என்னட்ட இல்லை." பியற்றிஸ் சிரித்தார். அருள்நேசனுக்குச் சிரிக்க வரவில்லை. இரண்டு கைகளையும் பின்னால் கட்டிக்கொண்டு, வராத தொழிலாளி தன் இடத்துக்கு நடந்துபோய் காலை எட்டு மணி வேலையைத் தொடங்குவதைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

மறுநாள் காலை தேநீர் குடிக்கும்போது இம்மாகுலேற் கேட்டுவிட்டார். இம்மாகுலேற் அவருடைய மனைவி. அவரும் அதே கம்பெனியில் பரோட்டாவை ஐந்தைந்தாகப் பைக்குள் போடுகிறவர்.

"இஞ்சாருங்கோ, சட்டைப் பையில கிடந்த பேப்பரைப் பாத்தனான்."

"ம்."

"நீங்கள்தானே மூடியைக் கழட்டினது? நான் மட்டுமோ பாத்தனான்? எல்லாரும் பாத்தவை. நீங்கள் ஸ்க்ரூட்ரைவர் தேடித் திரிஞ்சதையும் பாத்தவை."

"என்னை என்ன செய்யச் சொல்லுறீர்?"

இம்மாகுலேற் குடியிருப்புச் சுவரில் பூத்திருந்த பூஞ்சணத்தை ஈரத்துணியால் துடைத்தார். அது தினமும் துடைக்கப்பட்டுத் தினமும் பூக்கும். "கையெழுத்து வச்சியள் எண்டா எனக்கு நித்திரை வராது. வைக்காட்டில், நித்திரை கொள்ள வீடிராது. நான் என்னத்தைச் சொல்ல? பியற்றிஸின்ர மூத்தவளுக்கு ஞானஸ்நானத்தில நான்தான் ஞானத்தாய்."

"அப்ப வைக்க வேண்டாம் எண்டுறீர்."

"அப்பிடியும் சொல்லேல்லை. எனக்கும் பயம்தான்."

ஆக வீட்டிலும் தீர்மானம் நிறைவேறவில்லை. அருள்நேசன் படிவத்தைத் திரும்பச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வேலைக்குப் போனார். அடுத்த ஒன்பது நாளும் அது அந்தப் பையில்தான் இருந்தது. சட்டை மாறியபோது படிவமும் மாறியது.

ஒத்திகை சனிக்கிழமை கோயிலின் பங்கு மண்டபத்தில் நடந்தது. கோபாலகிருஷ்ணன் உயரத் தொப்பியும் வால்கோட்டுமாக வந்து இறங்கினார். கையைச் சட்டிக்குள் விட்டு இரண்டு தரம் அலசிவிட்டு எடுத்தார்.

"இல்லை சேர்," என்றார் அருள்நேசன். அவருடைய உத்தியோகத்தில் 'இல்லை சேர்' என்று சொன்னது அதுவே முதல் தடவை. கலை அவருக்குத் தைரியம் கொடுத்தது. "ஆறுதலா, அவசரப்படாமல். தண்ணியைப் பாக்கக் கூடாது. அவவையும் பாக்கக் கூடாது. சனத்தைப் பாத்துக்கொண்டு கழுவ வேணும்."

"அவங்களைப் பாக்காம எப்படி ஆறுதல் சொல்றது?"

"பாத்தியள் எண்டா கழுவ ஏலாது சேர்."

கோபாலகிருஷ்ணன் அதைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார். தலைமைப் பண்பு பற்றி ஏழு வாரமும் யாரும் இவ்வளவு தெளிவாகச் சொல்லவில்லை என்று பாராட்டினார். பியற்றிஸ் மேடையின் ஓரத்தில், கட்டுப்போட்ட விரலை மறுகையால் பிடித்துக்கொண்டு நின்றார். அவருக்கு வசனம் இல்லை. தொழில்யுகத்தில் தொழிலாளிக்கு வசனம் இருந்ததாகப் பயிற்சியின் ஏழு வாரத்திலும் வரவில்லை.

"அண்ணை," என்றார் ஒத்திகை முடிந்ததும், மெல்லிய குரலில். "இது எங்கட நாடகம்தானே?"

"வேற உடுப்புப் போட்டிருக்கு, அவ்வளவுதான்."

"அவருக்குத் தெரியுமோ?"

"கேக்கேல்லை."

ஞாயிற்றுக்கிழமை ஆண்டு விழா ஹரோவில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில், குறித்த நேரத்துக்கு ஒன்றரை மணி பிந்தி, அதாவது நேரத்துக்கே ஆரம்பமானது. மங்கள விளக்கு ஏற்றினார்கள். ஒரு நிமிட மௌனம் நாற்பது வினாடி நீடித்தது. எட்டுப் பேருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். எட்டாவது பொன்னாடை ஆய்வாளர் அம்மாவுக்கு. அவர் ஒல்லியான, நரைத்த, தடிமனான கோப்பு வைத்திருந்த ஆங்கிலப் பெண்மணி. பொன்னாடையை மடித்து நாற்காலிக்குக் கீழே வைத்துவிட்டு, கோப்பை மட்டும் மடியில் வைத்துக்கொண்டார். முன்வரிசையில் அவருக்குப் பக்கத்தில் மொழிபெயர்ப்பதற்காக அருள்நேசனை உட்கார வைத்திருந்தார்கள். பின்னால் ஹரோ டாக்டர்களும் கம்ப்யூட்டர்காரர்களும். அவர்களுக்குப் பின்னால் கம்பெனியின் அறுபத்தொரு பேர், சபை முழுவதும்.

"கையெழுத்து போட்டாச்சா?" என்று கோபாலகிருஷ்ணன் மேடைக்குப் போகும் வழியில் குனிந்து கேட்டார்.

"பையில இருக்கு சேர்," என்றார் அருள்நேசன். அது பொய் இல்லை.

'எஃகு இதயம்' பிரமாதமாகப் போயிற்று. முதல் காட்சியில் மார்ட்டிமர் ரயில்பாதை போட்டார். இரண்டாம் காட்சியில் நூலகம் திறந்து, அதை மூடிவிட்டுச் சாவியைத் தானே வைத்துக்கொண்டார். மூன்றாம் காட்சியில் பியற்றிஸ் வந்து நின்றார். வெள்ளை நூல்சேலை, கட்டுப்போட்ட கை. பின்னாலிருந்து ஒரு சின்னச் சலசலப்பு எழுந்து அடங்கியது.

மார்ட்டிமர் வெண்கலச் சட்டிக்கு முன் வந்தார். தண்ணீரைப் பார்க்கவில்லை. பியற்றிஸைப் பார்க்கவில்லை. சனத்தைப் பார்த்துக்கொண்டு, ஆறுதலாக, விரல் விரலாகக் கழுவினார். அவருக்குக் கற்றுக்கொடுத்த அருள்நேசனுக்கே மயிர்க்கூச்செறிந்தது. பதினான்கு வருடம் தான் போட்ட வேஷத்தை அவர் முதல் தடவையாக வெளியே இருந்து பார்த்தார். அவ்வளவு அசிங்கமாக அது இருக்கும் என்று அவர் நினைத்திருக்கவில்லை.

"இந்த விரலுக்கும் எனக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை!" என்று கணீரென்று சொன்னார் மார்ட்டிமர். "தொழில் வாழ்க!" துண்டால் கையைத் துடைத்தார்.

அறுபத்தொரு பேரும் முழங்காலில் நின்றார்கள்.

யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை, யாரும் ஒருவரையொருவர் பார்க்கவில்லை. நாற்காலிகள் ஒருசேரப் பின்னால் நகர்ந்த சத்தம்தான் கேட்டது. பதினான்கு வருடப் பழக்கம் முழங்காலுக்குத்தான் முதலில் ஞாபகம் வரும். எல்லா முகமும் மேடையின் இடது ஓரத்தில் நின்ற பியற்றிஸை நோக்கித் திரும்பியிருந்தது. இம்மாகுலேற் அழுதுகொண்டிருந்தார். ஹரோ டாக்டர்களில் சிலர், ஏதோ நாட்டின் தேசிய கீதம் போலிருக்கிறது என்று எழுந்து நின்றார்கள்.

மேடையின் நடுவில் நின்ற கோபாலகிருஷ்ணனுக்கு அந்தக் கோண வித்தியாசம் புரியவில்லை. அவருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. இரண்டு கைகளையும் விரித்து, கண்ணை மூடி, தொப்பியைக் கழற்றி அந்த மரியாதையை ஏற்றுக்கொண்டார். புகைப்படக்காரரைப் பார்த்து இன்னும் எடு என்று சாடை காட்டினார். ஒரு நிமிடம் ஆயிற்று. இரண்டு நிமிடம் ஆயிற்று. அண்ணாவியார் 'எழும்புங்கோ' சொல்லவில்லை. அவர்களும் எழும்பவில்லை.

ஆய்வாளர் அம்மா மூக்குக்கண்ணாடியை மேலே தள்ளினார். தொழிலாளர்கள் முதலாளி முன்னால் முழங்காலில் நிற்பது 'கண்ணியமான பணியிடம்' படிவத்தின் எந்தப் பகுதியில் வரும் என்று அவர் பக்கங்களைப் புரட்டினார். எதிலும் வரவில்லை போலிருக்கிறது.

"இது என்ன?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். "இவர்களை யாராவது இப்படி நிற்கச் சொன்னார்களா?"

"பாசம் மேடம்!" என்று மேடையிலிருந்து கத்தினார் கோபாலகிருஷ்ணன். "எங்க கலாசாரம்! அருள், சொல்லுங்க அவங்களுக்கு! அருள்தான் எங்க தொழிலாளர் நலத்துறைத் தலைவர்."

ஆய்வாளர் அம்மா அருள்நேசன் பக்கம் திரும்பினார். "நீங்கள்தானா அது? அப்படியானால் சொல்லுங்கள். அந்தப் பெண்ணின் கையில் இருப்பது நாடகக் கட்டா, உண்மையான கட்டா?"

அருள்நேசன் மேடையைப் பார்த்தார். பியற்றிஸ் அவரைப் பார்த்தார். பார்த்துவிட்டால் கழுவ முடியாது என்று அவரே சொல்லிக் கொடுத்தது அவருக்கே நடந்தது.

"உண்மையான கட்டு மேடம்," என்றார். அவருடைய ஆங்கிலம் தடுமாறியது, குரல் தடுமாறவில்லை. "எங்கட மெஷினில போன விரல்."

"அருள்!" என்றது மேடை.

"அறிக்கை இருக்கிறதா?"

"இருக்கு." சட்டைப் பையிலிருந்து படிவத்தை எடுத்தார். ஒன்பது நாள் மடிந்து கிடந்ததில் மடிப்புகள் கிழியத் தொடங்கியிருந்தன. பேனாவை எடுத்தார். தட்டச்சு செய்திருந்த வரியை நீளமாக ஒரு கோடு போட்டு வெட்டினார். மூடியைக் கழற்றியவர் என்று தன் பெயரை எழுதினார். கழற்றச் சொன்னவர் என்று முதலாளியின் பெயரை, எழுத்துப் பிழை இல்லாமல், முழுதாக எழுதினார். அடியில் கையெழுத்து வைத்தார். வீடு போயிற்று என்று மனம் சொன்னது. சாட்சிகள் என்ற கட்டத்தில் ஒரு எண்ணை எழுதி நீட்டினார்.

கோபாலகிருஷ்ணன் தொப்பியும் வால்கோட்டுமாக மேடையிலிருந்து குதித்து வந்துகொண்டிருந்தார். ஆய்வாளர் அம்மா கையை உயர்த்தி அவரை அங்கேயே நிறுத்திவிட்டு, படிவத்தை வாசித்தார். கடைசிக் கட்டத்தில் அவருடைய விரல் நின்றது.

"அறுபத்தொரு சாட்சிகளா? மூடியைக் கழற்றியதையும் விபத்தையும் அறுபத்தொரு பேர் பார்த்தார்களா?"

"ஓம் மேடம். எல்லாரும் ஒரே ஹோலிலதானே வேலை."

"நான்கு வாரத்துக்கு மேல் ஆகிறது. அறுபத்தொரு பேரும், நீங்களும், இத்தனை நாள் என்ன செய்துகொண்டிருந்தீர்கள்?"

அருள்நேசன் திரும்பி, அவர் சொல்லும்வரை எழும்பாத அந்தச் சபையைக் கையால் காட்டினார்.

"பாருங்கோ மேடம். இப்பிடித்தான் நிண்டனாங்கள்."